வாசகர் கேள்விகள்: வேலண்ட் என்னும் கொல்லன்

சென்ற இதழில் வட ஐரோப்பியப் பழங்கதைக் கொல்லன் வேலண்டைப் பற்றி நான்கு வரி எழுதியிருந்தேன். வந்த கடிதங்களில் பெரும்பாலானவை அவனைப் பற்றியே கேட்கின்றன. கொல்லுப்பட்டறையில் துருத்தி இழுத்து வளர்ந்த எனக்கு இதைவிட மகிழ்ச்சி வேறில்லை. இந்த முறை முழுப் பகுதியும் அவனுக்கே.

காங்கயம் வாசகர்: மகள் ஆக்ஸ்ஃபோர்டில் படிக்கிறாள். அவளைப் பார்க்கப் போனபோது ‘வேலண்டின் பட்டறை’ என்ற இடத்துக்கு அழைத்துப் போனாள். பெரிய பெரிய கற்கள்தான் நின்றன. உலையும் இல்லை, பட்டடையும் இல்லை. அங்கே இரும்படித்தது யார்?

யாரும் இல்லை. நீங்கள் பார்த்தது இறந்தவர்களை அடக்கம் செய்த கல்லறை. ஏறத்தாழ 5,500 ஆண்டுகள் பழையது. பிரிட்டனில் இரும்பு புழக்கத்துக்கு வந்ததோ கி.மு. 800 வாக்கில்தான். மிகப் பின்னால் வந்து குடியேறிய ஆங்கிலோ-சாக்சன் மக்கள் அந்தக் கற்களுக்குத் தங்கள் கதைக் கொல்லனின் பெயரை வைத்தார்கள். கி.பி. 955ஆம் ஆண்டு நில ஆவணம் ஒன்றில் எல்லைக் குறிப்பாகவே அந்தப் பெயர் வருகிறது. நம் பக்கத்துக் கல்திட்டைகளைப் பாண்டவர் வீடு என்று சொல்வதும் இதே வழக்கம்தான்.

அந்த ஊர் மக்கள் ஒரு நம்பிக்கை சொல்வார்கள். 1738இல் அது அச்சில் பதிவாகியிருக்கிறது. வழியில் குதிரைக்கு லாடம் கழன்றுவிட்டால், கல்லின் மேல் ஒரு காசை வைத்துவிட்டுக் குதிரையை அங்கேயே நிறுத்திவிட்டுப் போக வேண்டும். திரும்பி வரும்போது காசு இருக்காது. குதிரைக்குப் புது லாடம் இருக்கும். காங்கயத்துக்காரரான உங்களுக்கு லாடத்தைப் பற்றி நான் சொல்ல வேண்டியதில்லை. குதிரைக்குக் காலுக்கு ஒன்று போதும். மாட்டுக்குப் பிளந்த குளம்பு என்பதால் காலுக்கு இரண்டு, ஆக எட்டு. கயிறு போட்டுச் சாய்த்துக் காலைக் கட்டி என் அப்பா லாடம் அடிக்கும்போது, மாட்டின் தலையைப் பிடித்துக்கொள்வது என் வேலை.

எட்டாம் வகுப்பு மாணவி, அந்தியூர்: வேலண்ட் கடவுளா, மனிதனா?

கடவுள் இல்லை, கண்ணு. ஐஸ்லாந்தில் எழுதிவைக்கப்பட்ட பழைய பாடல் ஒன்றின் முன்னுரை, அவனை ஃபின் நாட்டு அரசனின் மகன் என்கிறது. அதே பாடல் அவனை ‘ஆல்ஃப்களின் தலைவன்’ என்றும் அழைக்கிறது. ஆல்ஃப் என்பவர்கள் நம் கதைகளில் வரும் யட்சர்களைப் போன்ற ஓர் இனம். நார்வேயில் எழுதப்பட்ட இன்னொரு கதையில் அவன் ஓர் அரக்கனின் மகன். எல்லாக் கதைகளிலும் மாறாத ஒன்று, அவனைப் போல் இரும்பும் பொன்னும் அறிந்தவர் வேறு யாரும் இல்லை என்பது.

தாராபுரம் வாசகர்: கால் நரம்பை அறுத்து முடமாக்கினார்கள் என்று எழுதியிருந்தீர்கள். யார், எதற்காக? முழுக் கதையையும் சொல்ல முடியுமா?

சொல்கிறேன். மேலே சொன்ன ஐஸ்லாந்துப் பாடலில் அவன் பெயர் வோலுண்ட். அண்ணன் தம்பி மூன்று பேர், ஓநாய்ப் பள்ளத்தாக்கு என்ற இடத்தில் ஏரிக்கரையில் வீடு கட்டி இருந்தார்கள். கரையில் சணல் நூற்றுக்கொண்டிருந்த மூன்று அன்னப் பெண்களை மணந்தார்கள். ஏழு குளிர்காலம் வாழ்ந்து, எட்டாவதில் ஏங்கி, ஒன்பதாவதில் அந்தப் பெண்கள் பறந்து போய்விட்டார்கள். மற்ற இருவரும் மனைவியரைத் தேடிப் புறப்பட்டார்கள். வோலுண்ட் மட்டும் வீட்டிலேயே இருந்து, அவள் வருவாள் என்று செம்பொன்னில் வளையம் வளையமாக அடித்துக் கயிற்றில் கோத்துவைத்தான்.

அவன் தனியாக இருப்பதை அறிந்த நிதுத் என்ற அரசன் இரவில் ஆட்களோடு வந்தான். வீட்டில் எழுநூறு வளையங்கள் தொங்கின. ஒன்றை மட்டும் எடுத்துக்கொண்டு மறைந்திருந்தார்கள். வேட்டையிலிருந்து திரும்பிய வோலுண்ட் கரடி இறைச்சியைத் தீயில் வாட்டியபடி வளையங்களை எண்ணினான். ஒன்று குறைந்தது. அவள்தான் வந்து எடுத்திருக்கிறாள் என்று எண்ணி, அந்த மகிழ்ச்சியிலேயே தூங்கிப்போனான். விழித்தபோது கையிலும் காலிலும் தளை. அவ்வளவு எச்சரிக்கையான மனிதனை அவன் நம்பிக்கையை வைத்தே பிடித்துவிட்டார்கள். என்னால் இந்த இடத்தைச் சாதாரணமாகப் படித்துக் கடக்க முடிவதில்லை.

களவாடிய அரசனே, ‘எங்கள் பொன் உன்னிடம் எப்படி வந்தது?’ என்று அவனைக் கேட்டான். வளையத்தைத் தன் மகள் போத்வில்டுக்குக் கொடுத்தான். வோலுண்டின் வாளைத் தானே இடையில் கட்டிக்கொண்டான். அதைப் பார்த்த வோலுண்டின் கண் பாம்பின் கண்ணாக மின்னியதை அரசி கவனித்தாள். நரம்பை அறுத்துத் தீவில் போடுங்கள் என்றவள் அவள்தான். கையை விட்டுவிட்டுக் காலை மட்டும் அறுத்தார்கள். வேலை வேண்டும், வேலைக்காரன் எழுந்து போய்விடக் கூடாது. நிதுத் செய்தது இதுதான். கதையின் மற்ற கொடுமைகள் எல்லாம் இதிலிருந்தே கிளைக்கின்றன.

பொன்னைப் பார்க்கும் ஆசையில் அரசனின் இரண்டு சிறுவர்கள் தீவுக்கு வந்தார்கள். வோலுண்ட் அவர்களின் தலையை வெட்டி, மண்டையோட்டுக்கு வெள்ளி கட்டி அரசனுக்குக் கிண்ணமாக அனுப்பினான். கண்களை மணிகளாக்கி அரசிக்கும், பற்களை மார்பணியாக்கிப் போத்வில்டுக்கும் அனுப்பினான். உடைந்த வளையத்தைச் சரிசெய்ய வந்த போத்வில்டுக்கு மது கொடுத்து மயக்கிக் கெடுத்தான். பிறகு சிரித்தபடியே வானில் எழுந்தான். எப்படிப் பறந்தான் என்று பாடல் சொல்லவில்லை. உடன்பிறந்த எகில் பறவைகளை வீழ்த்திச் சேர்த்த இறகுகளால் சிறகு செய்தான் என்று நார்வேக் கதை சொல்கிறது.

கோபிச்செட்டிபாளையம் வாசகி: அரசன் செய்த தீமைக்கு அந்தப் பெண் என்ன செய்வாள்? இப்படிப்பட்டவனை வீரன் என்று எழுதலாமா?

அம்மா, அவன் கைத்திறனைத்தான் போற்றி எழுதினேன். இதைப் போற்ற மாட்டேன். பழிவாங்கியது சரி என்று என்னால் சொல்லவே முடியாது. கொடுமை செய்த அரசனுக்கு உயிர் மிஞ்சியது, பிள்ளைகள் செத்தார்கள். போத்வில்டின் கடைசி வார்த்தை பாடலில் இருக்கிறது: அவனை எதிர்க்க எனக்கு வழி தெரியவில்லை என்கிறாள் தகப்பனிடம்.

உங்களைப் போலவே அவளை நினைத்துப் பார்த்த ஒரு கவிஞர் ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே இருந்தார். ‘டியோர்’ என்ற பழைய ஆங்கிலப் பாடல், எக்ஸெட்டர் தேவாலயச் சுவடியில் இருக்கிறது. அரசவையில் தன் இடத்தை இன்னொருவனிடம் இழந்த பாணன் ஒருவன் பாடுவது போன்றது. முதல் பத்தி கொல்லனின் துயரம். இரண்டாம் பத்தி முழுவதும் அவளுக்கு: உடன்பிறந்தவர்களின் சாவைவிட, தான் கருவுற்றிருப்பதை அறிந்ததுதான் அவளை அதிகம் வதைத்தது, இனி என்ன ஆகும் என்று அவளால் நினைக்கவே முடியவில்லை. ஒவ்வொரு பத்தியின் முடிவிலும் ‘அது கடந்து போயிற்று; இதுவும் போகலாம்’ என்று வருகிறது. நார்வேக் கதையில் பின்னர் சமாதானமாகி இருவரும் மணந்துகொள்கிறார்கள். மகன் பெரிய வீரனாகிறான். எனக்கு அந்த முடிவு ஒட்டவில்லை.

சென்னிமலை இரும்புப் பட்டறைக்காரர்: வாளை அரத்தால் ராவிக் கோழிக்குப் போட்டானாமே! நடக்கிற காரியமா?

நார்வேக் கதையில் அப்படித்தான் வருகிறது. செய்த வாளையே பொடியாக ராவி, மாவில் பிசைந்து, பட்டினி போட்ட பறவைகளுக்குத் தின்னக் கொடுத்து, எச்சத்தை உலையில் இட்டு மீண்டும் வாளாக அடித்தான். அந்த வாளையும் இதேபோல் ராவி இன்னொரு முறை அடித்தான். மூன்றாவதாகப் பிறந்த வாளின் பெயர் மிமுங். ஓடும் ஆற்றில் அதைப் பிடித்தபோது, மிதந்துவந்த மூன்றடிக் கம்பளித் திரள் தானே இரண்டானது. போட்டிக் கொல்லன் அமிலியாஸ் கவசம் அணிந்து உட்கார்ந்தான். வாளை அழுத்தியபின் எப்படி இருக்கிறது என்று கேட்டதற்கு, குளிர்ந்த நீர் உள்ளே ஓடியது போல் என்றான். உடம்பைக் குலுக்கியதும் இரண்டு துண்டாக விழுந்தான்.

கம்பளியும் கவசமும் கதை. ஆனால் எச்சத்தில் நைட்ரஜன் உண்டு. இரும்பில் அது சிறிதளவு ஏறினால் கடினம் கூடும் என்பது உண்மை. பொடியாக்கித் திரும்பத் திரும்பக் காய்ச்சி அடித்தால் கசடு நீங்கும் என்பது உங்களுக்கே தெரியும். சொன்னவர் பட்டறையைக் கிட்ட இருந்து பார்த்தவர் என்றே நான் நினைக்கிறேன். என் அப்பா அரிவாளைத் தண்ணீரில் தோய்த்தபின் மறுபடி இளஞ்சூடு காட்டி, விளிம்பில் வைக்கோல் நிறம் ஓடும் நொடியில் நிறுத்துவார். அந்த நொடியை விளக்கச் சொன்னால் அவரும் ஒரு கதைதான் சொல்லியிருப்பார்.

உங்கள் ஊருக்கு மேற்கே நொய்யல் கரையில் இருக்கும் கொடுமணலுக்குப் போய்வாருங்கள். இரும்பு உருக்கிய உலைகளும், மூசை என்னும் உருக்குக் குவளைக்குள் இரும்பை அடைத்து எஃகாக்கிய உலைகளும் அகழாய்வில் வெளிப்பட்ட இடம் அது. பதிற்றுப்பத்தில் கபிலர் பாடிய கொடுமணம் இதுதான் என்பது ஆய்வாளர் கருத்து.

பவானி வாசகர்: சிலம்பின் பொற்கொல்லனோடு ஒப்பிடலாமா?

தலைகீழாக. அங்கே கொல்லன் திருடி, அப்பாவி மேல் பழி போட்டான். இங்கே அரசன் திருடி, கொல்லன் மேல் போட்டான். ஒருவன் செய்த பிழைக்காக ஆயிரம் பொற்கொல்லரைப் பலியிட்ட வெற்றிவேற்செழியனையும் நிதுத்தின் பக்கத்தில்தான் நிறுத்துவேன்.

ஈரோடு வாசகி: லண்டன் போகிறேன். வேலண்டை எங்கே பார்க்கலாம்?

பிரிட்டிஷ் மியூசியத்தில், ஃப்ராங்க்ஸ் பேழை என்று கேளுங்கள். திமிங்கில எலும்பில், 8ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், இங்கிலாந்தின் வடக்கே செய்த ஒன்பது அங்குலப் பெட்டி. முன்பக்கத்தின் இடப்பாதியில் கொல்லன் பட்டடையோடு நிற்கிறான். காலடியில் தலையில்லாத உடல், எதிரே இளவரசி, அவளுக்குப் பின்னால் பறவை பிடிக்கும் ஒருவன். வலப்பாதியில் குழந்தை இயேசுவை வணங்க வந்த மூன்று ஞானிகள். பிரான்ஸில் ஒரு குடும்பம் இதைத் தையல் பெட்டியாக வைத்திருந்தது. ஃப்ராங்க்ஸ் என்ற அறிஞர் வாங்கி 1867இல் மியூசியத்துக்குக் கொடுத்தார். வலப்புறப் பலகை மட்டும் பிரிந்துபோய் இத்தாலியின் ஃப்ளாரன்ஸில், பார்ஜெல்லோ அருங்காட்சியகத்தில் இருக்கிறது. லண்டனில் அந்தப் பக்கத்துக்கு நகலைத்தான் பார்ப்பீர்கள்.