படக்கதை வரைய விரும்பும் மகளின் தாய்க்கு

அன்புள்ள அம்மா, வணக்கம். பிளஸ் டூ வணிகவியல் படிக்கும் தங்கள் மகள், சிறுவர் படக்கதை எழுதி வரைவதையே தொழிலாகக் கொள்ள விரும்புகிறாள் என்றும், அதை நம்பிப் பிழைக்க முடியுமா என்ற கவலையில் தங்களுக்கு உறக்கமே இல்லை என்றும் எழுதியிருந்தீர்கள். அவள் படக்கதை வரைந்த நோட்டை இரண்டு முறை நிதானமாகப் பார்த்த பிறகே இதை எழுதுகிறேன்.

வங்கத்துக் குழந்தைகள் மூன்று தலைமுறையாகப் படித்துச் சிரிக்கும் படக்கதைகளைத் தாமே எழுதி வரைந்த நாராயண் தேப்நாத், 1925-இல் ஹவுராவின் சிப்பூரில் பிறந்தவர். குடும்பத்துக்குத் தங்க நகைத் தொழில் என்பதால் நகைகளுக்கு வடிவம் வரைந்து கை பழகினார்; ஓவியக் கல்லூரியில் சேர்ந்தும் இறுதித் தேர்வு எழுதாமல் வெளியேறி, விளம்பர நிறுவனங்களுக்குச் சின்னங்களும் சினிமா ஸ்லைடுகளும் வரைந்து கொடுத்தார். 'சுக்தாரா' மாத இதழில் 'ஹாந்தா போந்தா' படக்கதைத் தொடர் தொடங்கிய 1962-இல் அவருக்கு முப்பத்தைந்து வயது கடந்திருந்தது. இளஞ்சிவப்புப் பனியனும் கறுப்பு அரைக்கால்சட்டையுமாக, அகன்ற மார்பும் குச்சிக் கால்களும் கொண்ட அவருடைய இன்னொரு படக்கதை நாயகன் 'பான்டுல்' 1965-இல் வந்தான். பத்மஸ்ரீ 2021-இல்தான் கிடைத்தது. அடுத்த ஜனவரியில் அவர் மறைந்தார். பெயர் வரும் வரை வேறு வரைபணிகள்தாம் அவருக்குச் சோறு போட்டன. தங்கள் மகளும் பாடநூல் படங்கள், அட்டை ஓவியம், விளம்பரம், அனிமேஷனுக்காகக் காட்சிகளை வரிசையாக வரைந்து காட்டும் கதைப்பலகை ஆகியவற்றை இழிவாக நினைக்காமல் கற்க வேண்டும் என்று நான் வற்புறுத்துவது இதனால்தான்.

அவள் கோட்டில் உயிர் இருக்கிறது. ஆனால் ஆட்டுக்குட்டி கிணற்றை எட்டிப் பார்க்கும் பக்கத்தில், வசன பலூன் குட்டியின் முகத்தையே மறைத்துவிட்டது. குட்டி பயந்ததா, வியந்ததா என்று தெரியாமல் கதை அங்கே நின்றுவிடுகிறது. வசனத்தை முதலில் எழுதி, அதற்கு இடம் விட்டு, பிறகு உருவத்தை வரையும் பழக்கம் வந்தால் இது சரியாகிவிடும்.

படிப்பைப் பற்றி அதிகம் அஞ்ச வேண்டாம். சென்னை, கும்பகோணம் அரசு கவின் கலைக் கல்லூரிகளில் நான்காண்டு நுண்கலைப் பட்டம் உண்டு. வடிவமைப்புப் பட்டத்துக்கான யூசீட் தேர்வை வணிகவியல் மாணவர்களும் எழுதலாம்.

நான் மிகவும் கவலைப்படுவது உரிமையைப் பற்றித்தான். முதல் படைப்பு அச்சேறும் மகிழ்ச்சியில், நீட்டிய தாளில் படிக்காமலே கையெழுத்திட்டுவிட்டு, தாம் படைத்த கதாபாத்திரத்தைத் தாமே வரைய முடியாமல் தவித்த இளைஞர்களைப் பார்த்திருக்கிறேன். 1957-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டப்படி உரிமையை எழுத்து மூலமே மாற்றித் தர முடியும். அந்த எழுத்தில் காலம் குறிப்பிடப்படாவிட்டால் ஐந்து ஆண்டுகள் என்றும், எல்லை குறிப்பிடப்படாவிட்டால் இந்தியாவுக்குள் மட்டும் என்றும் கொள்ளப்படும். ஆகவே காலம், மொழி, பொம்மையாகச் செய்யும் உரிமை, திரைக்குக் கொண்டுபோகும் உரிமை என ஒவ்வொன்றையும் பிரித்துக் கேட்ட பிறகே அவள் பேனாவை எடுக்க வேண்டும்.

தேர்வுகள் முடிந்ததும் அவள் நான்கு பக்கக் கதை ஒன்றை முடித்து, பக்கத்து வீட்டு எட்டு வயதுக் குழந்தை ஒன்றிடம் விளக்கம் எதுவும் சொல்லாமல் கொடுக்கட்டும். அந்தக் குழந்தையின் விரல் எந்தக் கட்டத்தில் தயங்கி நின்றது என்பதைக் குறித்துக்கொண்டு அவளை என்னிடம் அழைத்து வாருங்கள்.