பிளாக்பெரி, ராஸ்பெரி போன்ற காட்டு முட்பழங்களுக்கு அந்தப் பெயர்கள் எப்படி வந்தன? நாவலும் பிளாக்பெரியும் ஒன்றா?

பெயர் வைத்தவர் கண்ணில் முதலில் எது பட்டதோ, பெரும்பாலும் அதுவே பெயராகிவிட்டது. சிலருக்கு முள், சிலருக்கு நிறம், சிலருக்கு அந்தப் பழத்தைத் தின்ன வந்த விலங்கு, சிலருக்கு அது வளர்ந்த மலை. இந்தச் செடிகள் மேல் எனக்குத் தீராத ஆசை உண்டு. அதனால் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன். நாவலைப் பற்றிக் கேட்டதற்குக் கடைசியில் வருகிறேன்.

பிளாக்பெரி, ராஸ்பெரி, டியூபெரி, கிளவுட்பெரி எல்லாமே ரோஜாக் குடும்பத்தில் 'ரூபஸ்' என்ற ஒரே பேரினத்தைச் சேர்ந்தவை. ரோமானியர்கள் முட்புதரை ரூபஸ் என்றுதான் அழைத்தார்கள். சிவப்பைக் குறிக்கும் 'ரூபர்' என்ற லத்தீன் சொல்லோடு அதைத் தொடர்புபடுத்திச் சொல்வது வழக்கம். ஸ்வீடன் தாவரவியலாளர் லின்னேயஸ் 1753இல் செடிகளுக்கு இருசொற் பெயர் வைத்தபோது இந்தப் பழைய சொல்லையே பேரினப் பெயராக எடுத்துக்கொண்டார். கிரேக்கத்தில் இதே புதருக்கு 'பாட்டோஸ்' என்று பெயர். மோசே கண்ட எரியும் முட்செடியை பைபிளின் பழைய கிரேக்க மொழிபெயர்ப்பு இந்தச் சொல்லால்தான் குறிக்கிறது. சினாய் மலையடியில் உள்ள புனித கேத்தரின் மடத்தில் அந்தச் செடி என்று காட்டப்படுவதும் ஒரு ரூபஸ்தான். அதன் தாவரவியல் பெயர் ரூபஸ் சாங்டஸ், அதாவது புனிதமான முட்புதர். இந்தப் புதர்களை மட்டுமே ஆராயும் துறைக்கு 'பாட்டாலஜி' என்று பெயர். ஆங்கிலத்தில் 'பேட்' எனப்படும் வௌவாலுக்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை, இந்த கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது அது.

மக்கள் பேச்சில் வந்த பெயர்கள் எனக்கு இன்னும் பிடிக்கும். பிளாக்பெரிக்கு ஜெர்மனில் 'புரோம்பேர'. அதன் முதல் பாதி முட்புதரைக் குறிக்கும் பழைய சொல். ஆங்கிலத்தின் 'பிராம்பிள்' அதற்குச் சொந்தம்தான். ரஷ்யர்கள் 'யெஷவீக்கா' என்கிறார்கள், முள்ளெலியைக் குறிக்கும் 'யோஷ்' அதற்குள் இருக்கிறது. ஸ்வீடனில் இதே பழம் 'பியோர்ன்பார்', அதாவது கரடிப்பழம். ஃபின்லாந்துக்காரர்களும் கரடியின் பேரில்தான் அதை அழைக்கிறார்கள். வட அமெரிக்காவின் மேற்குக் கரையில் தரையோடு படரும் ஒரு பிளாக்பெரிக்குத் தாவரவியலாளர்கள் வைத்த பெயர் ரூபஸ் அர்சினஸ். அதிலும் கரடிதான்! ராஸ்பெரிக்கு ஜெர்மனில் 'ஹிம்பேர', பெண்மானின் பழம் என்று பொருள். ஆங்கிலத்திலும் முன்பு 'ஹைண்ட்பெரி' என்று ஒரு பெயர் இருந்தது, அதுவும் பெண்மான்தான். 'ராஸ்பிஸ்' என்ற சொல் வந்து அதை ஓரம்கட்டிவிட்டது. இந்த ராஸ்பிஸ் எங்கிருந்து வந்தது என்பது அகராதிக்காரர்களுக்கே பிடிபடாத விஷயம்.

ராஸ்பெரியின் தாவரவியல் பெயர் ரூபஸ் ஐடேயஸ், அதாவது ஐடா மலையைச் சேர்ந்தது. முதல் நூற்றாண்டில் ரோமானிய எழுத்தாளர் பிளினி எழுதும்போதே, அது வளரும் இடத்தை வைத்து இந்தப் பெயர் வந்ததாகச் சொல்லிவிட்டார். ஐடா என்று இரண்டு மலைகள் இருக்கின்றன, ஒன்று கிரீட் தீவில், இன்னொன்று துருக்கியின் வடமேற்கில். ஐடா என்ற வனதேவதையின் விரலில் முள் குத்தி, வெள்ளைப் பழம் ரத்தத்தால் சிவந்தது என்று இணையத்தில் ஒரு கதை சுற்றுகிறது. கேட்க அழகாக இருக்கிறது, ஆனால் பெயருக்குக் காரணம் சொல்ல அந்தக் கதை தேவையில்லை, மலையே போதும்.

சரி, இந்த இரண்டு பழங்களையும் எப்படிப் பிரித்தறிவது? நிறத்தை நம்பவே கூடாது. கறுப்பு ராஸ்பெரி என்றே ஒரு செடி உண்டு, ரூபஸ் ஆக்ஸிடென்டாலிஸ். மஞ்சள் ராஸ்பெரியும் உண்டு. பழத்தைப் பறித்துப் பின்பக்கத்தைப் பார்த்தாலே போதும். ராஸ்பெரியைப் பறித்தால் பூவைத் தாங்கி நின்ற பூத்தளம் ஒரு வெள்ளைக் கூம்பாகச் செடியிலேயே நின்றுவிடும், கையில் வரும் பழம் உள்ளே குழியாக இருக்கும். பிளாக்பெரியில் அந்தக் கூம்பு பழத்தோடு சேர்ந்தே வந்துவிடும். வட அமெரிக்காவில் முள்ளில்லாமல் வளரும் ரூபஸ் பார்விஃப்ளோரஸ் என்ற செடியின் பழம் அகலமான, ஆழமில்லாத குழியோடு கழன்று வரும். தையல்காரர் விரலில் மாட்டும் அங்குஸ்தான் மாதிரி இருப்பதால் அதற்குத் 'திம்பிள்பெரி' என்றே பெயர். பறித்த ஒரு நொடியில் காரணம் புரிந்துவிடுகிற இந்த மாதிரிப் பெயரைத்தான் நல்ல பெயர் என்பேன்.

லத்தீன் பெயர்களிலும் அப்படிப்பட்டவை நிறைய உண்டு. வெறும் மனப்பாடச் சொற்கள் என்று ஒதுக்கிவிடாதீர்கள். புதர் பக்கம் போனால் நான் முதலில் செய்வது ஓர் இலையைத் திருப்பிப் பார்ப்பதுதான். ரூபஸ் நிவியஸ் என்றால் பனிபோல் வெண்மையானது. மேலே பார்த்தால் சாதாரணப் பச்சை இலைதான், பெயருக்கும் செடிக்கும் என்ன சம்பந்தம் என்றுதான் தோன்றும். இலையைத் திருப்பினால் அடிப்பக்கம் முழுக்க மெத்தென்று வெள்ளை ரோமம் படிந்திருக்கும். காய் சிவந்து, அப்புறம் ஊதாக் கறுப்பாகப் பழுக்கும். ஆங்கிலத்தில் இதே செடிக்கு 'மைசூர் ராஸ்பெரி' என்று பெயர். தெற்காசியாவிலிருந்து தென்கிழக்கு ஆசியா வரை இயல்பாக வளரும் செடியை ஒரே ஊரோடு கட்டிப்போட்டுவிட்டது அந்தப் பெயர். கலாபகஸ் தீவுகளில் அது ஆக்கிரமிப்புச் செடியாகப் பரவி, அங்குள்ள தாவரங்களை நெருக்கிக்கொண்டிருக்கிறது.

ரூபஸ் ஃபீனிகோலேசியஸ் என்பது வாயில் நுழையாத பெயர்தான். ஆனால் பிரித்தால் செந்நிற ரோமம் கொண்டது என்று வரும், செடியைப் பார்த்ததுமே ஒத்துக்கொள்வீர்கள். ஜப்பான், கொரியா, சீனா பக்கத்துச் செடி அது. தண்டு முழுக்கச் சிவப்பு ரோமம், புல்லிதழ்களிலும் அதேதான், தொட்டால் பிசுபிசுக்கும். பூ உதிர்ந்ததும் அந்தப் புல்லிதழ்கள் காயைச் சுற்றி மூடிக்கொள்ளும். பழுக்கும் நேரத்தில் விரிந்தால் உள்ளே பளபளவென்று சிவப்புப் பழம்! ஆங்கிலப் பெயரான 'வைன்பெரி' நல்ல பெயர்தான், ஆனால் இந்த ரோமத்தைப் பற்றி அது ஒரு வார்த்தை சொல்வதில்லை. டியூபெரியின் பெயரில் வரும் சீசியஸ், பழத்தின் மேல் படிந்திருக்கும் நீலச்சாம்பல் பூச்சைக் குறிக்கும். விரலால் தேய்த்தால் அது போய், அடியில் கறுப்பு தெரியும். ரூபஸ் சாக்ஸாட்டிலிஸ் என்ற இன்னொரு செடியின் பெயருக்குப் பாறை நடுவே வளர்வது என்று பொருள். வட துருவத்தை ஒட்டிய சதுப்பு நிலங்களில் வளரும் கிளவுட்பெரிக்குக் கேமிமோரஸ், அதாவது தரையில் காய்க்கும் மல்பெரி. இதில் ஆண் செடி வேறு, பெண் செடி வேறு. ஃபின்லாந்தின் 2 யூரோ நாணயத்தில் இருப்பது இதன் பூவும் பழமும்தான்.

பெயரே வழிதவறச் செய்த கதையும் ஒன்று உண்டு. அமெரிக்கத் தாவர வளர்ப்பாளர் லூதர் பர்பாங்க், இந்தியாவிலிருந்து விதை வந்ததாக நம்பி, 1885இல் 'ஹிமாலயா ஜயன்ட்' என்ற பெயரில் ஒரு பிளாக்பெரியை அறிமுகம் செய்தார். உண்மையில் அதன் தாயகம் ஆர்மீனியாவும் வட ஈரானும். தாவரவியல் பெயர் ரூபஸ் ஆர்மீனியகஸ் என்று சரியாகவே இருக்கிறது. ஆனால் அமெரிக்காவின் மேற்குக் கரையில் ஆற்றோரங்களையும் சாலையோரங்களையும் அடைத்து நிற்கும் அந்தப் புதரை இன்றுவரை 'ஹிமாலயன் பிளாக்பெரி' என்றுதான் சொல்கிறார்கள். நிஜமான இமயமலைச் செடியான ரூபஸ் எலிப்டிகஸ் வேறு. மஞ்சள் பழம், நேபாளியில் 'ஐன்செலு', உத்தராகண்டின் குமாவுனி மொழியில் 'ஹிசாலு'. உலகின் மிக மோசமான 100 ஆக்கிரமிப்பு உயிரினங்களின் பட்டியலில் அதுவும் இருக்கிறது என்பதையும் சொல்லத்தான் வேண்டும்.

கலப்பினங்களைப் பற்றி அதிகம் சொல்ல எனக்கு ஆர்வமில்லை. லோகன்பெரி, கலிஃபோர்னியாவில் நீதிபதியாக இருந்த ஜேம்ஸ் ஹார்வி லோகன் பெயரில் வந்தது. பாய்சன்பெரி, ருடால்ஃப் பாய்சன் பெயரில். டேபெரிக்கு ஸ்காட்லாந்தின் டே நதி, மேரியன்பெரிக்கு ஆரிகன் மாநிலத்தின் மேரியன் மாவட்டம். 'ஒலாலி' என்பது வட அமெரிக்க மேற்குக் கரையின் சினூக் வணிக மொழியில் பெர்ரிக்கே பெயர், ஆகவே ஒலாலிபெரி என்றால் பெர்ரி பெர்ரி!

'பிளாக்பெரி' என்ற ஒற்றைப் பெயருக்குள் எத்தனை செடிகள் ஒளிந்திருக்கின்றன என்பது இன்னும் வியப்பு. பல பிளாக்பெரிகள் விதையை, கருமுட்டை கருவுறாமலேயே, தாயின் அச்சாக உருவாக்கும். அதனால் சின்ன வேறுபாடுகூட அழியாமல் தனி வரிசையாக நிலைத்துவிடும். பிரிட்டனில் மட்டும் 300க்கு மேற்பட்ட நுண்ணினங்களுக்குத் தனித்தனிப் பெயர் கொடுத்திருக்கிறார்கள். முள்ளின் வளைவையும் நுனிச் சிற்றிலையின் வடிவத்தையும் பார்த்துத்தான் பிரிக்கிறார்கள்.

இனி நாவல். ஆங்கிலத்தில் அதை 'இந்தியன் பிளாக்பெரி' என்று சொல்வதால் வந்த குழப்பம் இது. நாவல் கொய்யாவின் குடும்பத்தைச் சேர்ந்த பெரிய மரம், முள் கிடையாது, பழத்துக்குள் பொதுவாக ஒரே கொட்டை. பிளாக்பெரியோ சின்னச் சின்னச் சதை மணிகள் ஒட்டிச் சேர்ந்த திரள்கனி, ஒவ்வொரு மணிக்குள்ளும் ஒரு கொட்டை இருக்கும். மல்பெரியோடு குழப்பிக்கொள்வதில் ஓரளவு நியாயம் உண்டு, தோற்றம் அப்படி. பழைய கிரேக்கர்களே இரண்டையும் 'மோரோன்' என்றார்கள், பிரெஞ்சில் இன்றும் இரண்டுக்கும் 'மூர்'தான். ஆனால் மல்பெரியின் ஒவ்வொரு மணியும் ஒரு தனிப் பூவிலிருந்து வந்தது. பிளாக்பெரி முழுதும் ஒரே பூவின் பல சூலகங்கள். உற்றுப் பார்த்தால் சில மணிகளின் உச்சியில் காய்ந்த இழை ஒன்று ஒட்டியிருக்கும், அந்தப் பூவின் சூல்தண்டு அது. நாவலில் இப்படி எதையும் பார்க்க முடியாது. ஆக நாவலும் பிளாக்பெரியும் ஒன்றல்ல, நெருங்கிய உறவும் இல்லை.