அம்மா கடிதமும் 48க்கு 48ம்

வணக்கம் சார்,

அமெரிக்கப் பெண்களுக்கு ஓட்டுரிமை கிடைத்ததே ஒரு அம்மா மகனுக்கு எழுதிய கடிதத்தால்தான் என்று வாட்ஸ்அப்பில் ஒரு செய்தி சுற்றுகிறது. நம்பலாமா? அந்த மகன் அப்புறம் என்ன ஆனார்?

ஆர்., மதுரை

அன்புள்ள ஆர்.,

கடிதம் உண்மை. அந்தத் 'தான்' மீதுதான் எனக்குத் தகராறு.

மகன் பெயர் ஹாரி பர்ன். டென்னசி மாநிலத்தில் நயோட்டா என்ற சிற்றூர்க்காரர், குடியரசுக் கட்சி. 22 வயதிலேயே மாநிலக் கீழவைக்குத் தேர்வானவர். 1920 ஆகஸ்டில் பெண்களுக்கு ஓட்டுரிமை தரும் பத்தொன்பதாம் அரசியல் சட்டத் திருத்தத்தை 35 மாநிலங்கள் ஏற்றுவிட்டன, அது நடைமுறைக்கு வர இன்னும் ஒன்று வேண்டும். ஆதரிப்பவர்கள் சட்டையில் மஞ்சள் ரோஜா, எதிர்ப்பவர்களுக்குச் சிவப்பு. பர்ன் குத்தியிருந்தது சிவப்பு.

ஆகஸ்ட் 18. திருத்தத்தை ஏற்கும் தீர்மானத்தைக் கிடப்பில் போடலாமா என்று இருமுறை ஓட்டெடுத்தார்கள். இருமுறையும் 48க்கு 48, சமன் என்பதால் தீர்மானம் கிடப்புக்குப் போகவில்லை. இரண்டிலும் பர்ன் 'போடலாம்' பக்கம். தீர்மானத்தின் மீதே நேரடி ஓட்டெடுப்பு வந்ததும் 'ஆம்' என்றுவிட்டார், அது நிறைவேறியது. சட்டைப்பையில் அம்மா ஃபெப் பர்னின் ஏழு பக்கக் கடிதம். ஊர்ச் சேதியோடு சேதியாக, நீ எந்தப் பக்கம் என்று பார்த்துக்கொண்டே இருக்கிறேன், இன்னும் ஒன்றும் தென்படவில்லையே என்று ஒரு கொக்கி. எந்த அம்மாவுக்கும் கைவந்த கலை.

ஆனால் பாங்க்ஸ் டர்னர் என்ற ஜனநாயகக் கட்சி உறுப்பினர் கிடப்பில் போடுவதை எதிர்த்து நின்றதால்தான் அந்த 48க்கு 48 வந்தது. இல்லையென்றால் பர்ன் மனம் மாற வேளையே வந்திருக்காது. டர்னரின் பையில் கடிதம் இருந்ததாகக் கதை இல்லை, அதனால் அவரை யாரும் ஃபார்வர்டு செய்வதில்லை.

பர்ன் லஞ்சம் வாங்கிவிட்டார் என்று புகார் கிளம்பியது. அவர் தன் காரணங்களை வரிசையாகச் சொல்லி அவைக்குறிப்பிலேயே ஏற்றினார். முதலாவது, ஓட்டு பெண்களின் உரிமை என்று நம்புகிறேன். இரண்டாவது, திருத்தத்தை ஏற்க நமக்கு அதிகாரம் உண்டு. அம்மா பேச்சு மூன்றாவதாகத்தான் வருகிறது. அப்புறம் 1.7 கோடிப் பெண்களை விடுவிக்கும் வாய்ப்பு, கடைசியாகக் கட்சிக்குப் பெருமை. இந்தக் கடைசிக் காரணத்தை ஒளிக்காமல் சொன்னாரே, அதனாலேயே மற்ற நான்கையும் நம்பத் தோன்றுகிறது எனக்கு.

அப்புறமா? அதே ஆண்டு மறுபடி ஜெயித்தார். 1923ல் வழக்கறிஞரானார். 1930ல் ஆளுநர் பதவிக்கு முயன்று தோற்றார். பிற்பாடு மாநில மேலவை, வங்கித் தலைவர் பதவி என்று ஓடி, 1977ல் 81 வயதில் இறந்தார்.