இனங்களுக்கு நடுவே கோடு உண்டா?

கேள்வி: உயிர்கள் மெல்ல மெல்ல மாறிக்கொண்டே இருக்கின்றன என்றால், 'இனம்' என்பது இயற்கையில் உள்ளதா, நாம் சூட்டிய பெயர் மட்டும்தானா?

பதில்: உள்ளது என்றே நான் நம்புகிறேன், ஆனால் கூரான விளிம்போடு அல்ல. அந்தி இருப்பதால் பகலும் இரவும் பொய்யாகிவிடுமா?

தமக்குள் கலந்து பெருகி, பிறவற்றோடு கலவாத கூட்டமே இனம் என்று 1942-இல் உயிரியலாளர் எர்ன்ஸ்ட் மாயர் வரையறுத்தார். வகுப்பில் இதைச் சொல்லும்போதெல்லாம் கலிஃபோர்னியாவில் வாழும், பல்லி போன்ற உருவமும் தவளையோடு உறவும் கொண்ட என்சாட்டினா சாலமாண்டர்களையும் சேர்த்தே சொல்வேன். அங்குள்ள மத்தியப் பள்ளத்தாக்கைச் சுற்றி வளையம்போல வாழும் இவற்றில், அடுத்தடுத்த கூட்டங்கள் கலக்கின்றன. வளையத்தின் இரு முனைகள் தெற்கே சந்திக்கும்போதோ, பக்கத்தில் வாழ்ந்தும் அரிதாகவே கலக்கின்றன. கோட்டை எங்கே போடுவீர்கள்? எங்கே போட்டாலும் ஓர் உறவை அறுத்தாக வேண்டும்.

பிளந்து பெருகும் பாக்டீரியாவுக்கு இந்த அளவுகோல் பொருந்தவே பொருந்தாது.

என்னை இன்றும் சிலிர்க்கவைப்பது, மறைந்துபோன பழங்கால மனித வகையான நியாண்டர்தால் மனிதர்கள்தாம். ஆப்பிரிக்காவுக்கு வெளியே வேர்கொண்ட மக்களின் மரபணுத்தொகையில் ஏறத்தாழ 2 சதவீதம் அவர்கள் தந்தது; அதாவது, நம் முன்னோர் அவர்களோடு கலந்திருக்கிறார்கள். ஆனாலும் அவர்களை வேறு இனம் என்றே பல ஆய்வாளர்கள் எழுதுகிறார்கள். எலும்பின் வடிவை வைத்துப் பார்த்தால் அதுவும் தவறில்லை.