நீஸ் விமான நிலையத்திலிருந்து ரயில் நிலையத்துக்கு டிராம்

வணக்கம் ஐயா. மகளைப் பார்க்க தர்மபுரியிலிருந்து முதல் தடவையாகப் பிரான்சின் நீஸ் நகரத்துக்குப் போகிறீர்கள், இரண்டாம் டெர்மினலில் இறங்கி ரயில் நிலையம் போக வேண்டும், டிராம் மாறும் இடத்தில் தடுமாறுவோமோ என்று கேட்டிருந்தீர்கள். நான் கிருஷ்ணகிரிக்காரன். ரயிலே வராத ஊரிலிருந்து போய் அதே இடத்தில் தடுமாறியவன்.

டெர்மினல் வாசலிலேயே 2ஆம் லைன் டிராம் நிற்கும். 'போர்ட் லிம்பியா' பக்கம் போகும் வண்டியில் ஏறி 'ழான் மெத்சான்' நிறுத்தத்தில் இறங்குங்கள். சிக்கல் இங்கேதான். அங்கே 2ஆம் லைன் தரைக்கடியில் ஓடுகிறது, 1ஆம் லைன் மேலே தெருவில். நான் பெட்டியை இழுத்துக்கொண்டு கீழேயே அடுத்த பிளாட்பாரத்தைத் தேடிச் சுற்றினேன். நீங்கள் லிஃப்டில் மேலே வந்துவிடுங்கள். கடைவீதி நடுவிலேயே தண்டவாளம் தெரியும். 'ஆன்ரி சப்பியா' பக்கம் போகும் வண்டியில் ஒரே ஒரு நிறுத்தம், 'கார் தியேர்'. இறங்கி நாலு எட்டு வைத்தால் ஸ்டேஷன். பெட்டி கனமில்லையென்றால் ழான் மெத்சானிலிருந்து நடந்தே போகலாம்.

டிராம் இலவசம் என்று யாராவது சொன்னால் முழுதாக நம்ப வேண்டாம். இரண்டு டெர்மினலுக்கும் 'கிரான் அரெனாஸ்' நிறுத்தத்துக்கும் இடையில்தான் இலவசம். அதைத் தாண்ட டிக்கெட் வேண்டும், ஏறியதும் மெஷினில் காட்டவும் வேண்டும்.

அப்புறம், மேலே மின்கம்பி இல்லையே என்று பயப்படாதீர்கள். 2ஆம் லைன் வண்டி ஒவ்வொரு நிறுத்தத்திலும் நிற்கிற சில நொடிகளில் தரையிலிருந்தே சார்ஜ் ஏற்றிக்கொள்ளும்.