அமெரிக்க ஜாஸ் கலைஞர் சானி ஷாராக்கின் கிதார் எனக்கு வெறும் இரைச்சலாகக் கேட்கிறது. அவரை ஏன் மேதை என்கிறார்கள்?

உங்களுக்கு யாரோ அவருடைய 'பிளாக் வுமன்' இசைத்தட்டை முதலில் கொடுத்துவிட்டார்கள் என்று நினைக்கிறேன். இரண்டு நிமிடம் கேட்டிருப்பீர்கள், தகரத்தை அறுப்பது போல இருந்திருக்கும், நிறுத்தியிருப்பீர்கள். அதில் தவறில்லை. ஆனால் 'இரைச்சல்' என்ற சொல்லைப் பார்த்ததும் என்னால் பதில் எழுதாமல் இருக்க முடியவில்லை.

ஷாராக் கிதார் கலைஞராக விரும்பியவரே அல்ல. நியூயார்க் மாநிலத்தின் ஆசினிங் என்ற ஊரில் 1940இல் பிறந்தவர். பதின்ம வயதில் நண்பர்களோடு சேர்ந்து டூ-வாப் என்ற குழுக்குரல் பாடல்கள் பாடிக்கொண்டிருந்தார். 1959இல் ட்ரம்பெட் கலைஞர் மைல்ஸ் டேவிஸின் 'கைண்ட் ஆஃப் ப்ளூ' இசைத்தட்டு வானொலியில் ஒலித்தபோது அதில் ஜான் கோல்ட்ரேனின் சாக்ஸபோனைக் கேட்டார். வாசித்தால் அதைத்தான் வாசிக்க வேண்டும் என்று முடிவு செய்தார். ஆஸ்துமா விடவில்லை. இருபது வயதில் கிதாரை எடுத்தார். கடைசிவரை தன்னை ஊதுகிறவன் என்றே சொல்லிக்கொண்டார். கையில் இருந்தது மட்டும் வேறு வாத்தியம்.

இதைப் படித்த நாளில் நான் நீண்ட நேரம் அசையாமல் உட்கார்ந்திருந்தேன். எனக்கும் ஆறு வயதிலிருந்து இளைப்பு உண்டு. கும்பகோணத்துக்குப் பக்கத்தில் எங்கள் ஊர்க் கோயிலில் சாயங்கால பூஜைக்கு நாதசுவரம் வாசிப்பவரிடம் பதினோரு வயதில் கற்றுக்கொள்ளப் போனேன். நாதசுவரத்தின் ஊதுமுனையான சீவாளியை என் உதட்டில் வைத்து ஊதச் சொன்னார். நான் ஊதும்போது ஒரு கையை என் முதுகில் வைத்திருந்தார். நான்கைந்து முறைக்குப் பிறகு சீவாளியை மெதுவாக வாங்கிக்கொண்டு, "தம்பி, உனக்குக் காது இருக்கிறது. ஆனால் இது மூச்சைக் கேட்கிற வாத்தியம்" என்றார். அன்போடுதான் சொன்னார். வீடு வரைக்கும் அம்மா என் கையை விடவே இல்லை. அடுத்த மாதம் திருச்சி மாமா ஒரு பழைய கிதாரைக் கொண்டுவந்து கொடுத்தார்.

மெல்லிசைக் குழுக்களில் இருபத்திரண்டு ஆண்டுகள் வாசித்திருக்கிறேன். இவ்வளவு காலமும் கிதாரிடம் எனக்கு ஒரே ஒரு மனக்குறைதான். கம்பியை மீட்டிய கணமே சுரம் சாகத் தொடங்கிவிடும். நாதசுவரத்தில் பிறந்த சுரம் நின்று, பெருத்து, இழைந்து அடுத்த சுரத்துக்குப் போகும். கம்பிக்கு அந்த உயிர் கிடையாது.

ஷாராக் போரிட்டது இதனோடுதான். ஒரே கம்பியை மின்னல் வேகத்தில் மீண்டும் மீண்டும் மீட்டுவார். ஒரு மீட்டலின் ஒலி அடங்கும் முன்பே அடுத்தது வந்துவிடுவதால் தனித்தனிச் சுரங்கள் கலந்து ஒரே நீண்ட கூவலாகும். ஆம்ப்ளிஃபயரை உச்சத்தில் வைத்து ஒலியைச் சிதறவிட்டால் சுரம் சீக்கிரம் சாகாது. விரலில் மாட்டும் ஸ்லைடு குழாயைக் கம்பியில் வழுக்கினால், கிதார் கழுத்தில் சுரங்களைப் பிரிக்கும் ஃப்ரெட்டுகளின் படிக்கட்டு மறைந்து இழைவு வரும். உங்களுக்கு இரைச்சலாகக் கேட்பது இந்த மூன்றும் சேர்ந்த ஒலி. கிதார் என்று கேட்காமல், ஒருவர் அடிவயிற்றிலிருந்து ஊதுகிறார் என்று கேட்டுப் பாருங்கள்.

இசை அறிந்தவர்கள் சண்டைக்கு வர வேண்டாம். நாதசுவரமும் சாக்ஸபோனும் ஒன்று என்று நான் சொல்லவில்லை. மூச்சு மறுக்கப்பட்டவனின் ஏக்கம் ஒன்று என்கிறேன், அவ்வளவுதான். வேகமாக மீட்டுகிற எல்லோரும் ஷாராக் என்றும் சொல்லவில்லை.

1966இல் சாக்ஸபோன் கலைஞர் பாரோ சாண்டர்ஸின் 'தவ்ஹித்' பதிவில் ஷாராக் வாசித்தார். பிறகு புல்லாங்குழல் கலைஞர் ஹெர்பி மேன் குழுவில் பல ஆண்டுகள். மைல்ஸ் டேவிஸின் 'எ ட்ரிப்யூட் டு ஜாக் ஜான்சன்' பதிவிலும் அவருடைய கிதார் இருக்கிறது; 1971இல் வெளிவந்த அந்த இசைத்தட்டின் உறையில் அவர் பெயர் இல்லை. இதைச் சும்மா கடந்துபோக என்னால் முடியாது. நான் வாசித்த நூற்றுக்கணக்கான கச்சேரிகளின் நோட்டீஸ்களில் பாடகர்களின் படம் இருக்கும், மண்டப உரிமையாளரின் பெயர் இருக்கும், பந்தல் போட்டவரின் தொலைபேசி எண்கூட இருக்கும். வாத்தியக்காரர்கள் 'குழுவினர்' மட்டுமே. ஒரு முறை என் மகள் நோட்டீஸைக் கையில் வைத்துக்கொண்டு அப்பா பெயர் எங்கே என்று தேடினாள். சம்பளம் பாக்கி வைத்தவர்களைக்கூட மன்னித்துவிட்டேன். அந்த நோட்டீஸ் அடித்தவர்களை மன்னிக்க இன்னும் மனம் வரவில்லை.

கேள்விக்கு வருகிறேன். 1975க்குப் பிறகு ஷாராக்குக்கு வாய்ப்புகள் வற்றிப்போயின. கார் ஓட்டிப் பிழைத்தார். மனவளர்ச்சி குன்றிய குழந்தைகளோடு வேலை பார்த்தார். இசைத் தயாரிப்பாளர் பில் லாஸ்வெல் அவரை மீண்டும் ஒலிப்பதிவுக் கூடத்துக்குக் கூட்டிவந்தார். 1986இல் 'லாஸ்ட் எக்ஸிட்' குழுவின் இசைத்தட்டும், துணைக்கு யாருமின்றித் தானே முழுவதும் வாசித்த 'கிதார்' என்ற தட்டும் வந்தன. 1991இல் 'ஆஸ்க் தி ஏஜஸ்'. அதில் சாக்ஸபோன் பாரோ சாண்டர்ஸ். டிரம்ஸ், கோல்ட்ரேனுடன் வாசித்த அதே எல்வின் ஜோன்ஸ். வானொலியில் கோல்ட்ரேனைக் கேட்டு ஏங்கியவர், முப்பத்திரண்டு ஆண்டுகள் கழித்து அவருடைய டிரம்ஸ் கலைஞரின் முன்னால் நின்று வாசிக்கிறார். 1994 மே மாதம் மாரடைப்பில் இறந்தார். வயது 53.

நீங்கள் 'ஆஸ்க் தி ஏஜஸ்' தட்டில் 'ஹூ டஸ் ஷி ஹோப் டு பி?' என்ற பாடலிலிருந்து தொடங்குங்கள். ஐந்து நிமிடத்துக்கும் குறைவு, தாலாட்டைப் போல அமைதியானது. அவருக்கு மென்மையாக வாசிக்கத் தெரியாது என்று யாரும் சொல்ல முடியாது. பிறகு அதே தட்டில் 'மெனி மேன்ஷன்ஸ்'. 'பிளாக் வுமன்' கடைசியில்தான். அதில் அவர் மனைவி லிண்டா சொற்களே இல்லாமல் குரல் கொடுக்கிறார். சில இடங்களில் எது தொண்டை, எது கம்பி என்று இத்தனை ஆண்டுகள் கேட்ட பிறகும் என்னால் பிரிக்க முடியவில்லை.