சர்வாதிகார ஆட்சியில் திருமணமும் விவாகரத்தும் எப்படி இருந்தன?

பெர்லினில் சில வருடம் வேலை பார்த்தேன். ஆபீஸிலிருந்து நடக்கிற தூரத்தில் ரோசன்ஸ்ட்ராசே என்று ஒரு சின்னத் தெரு. அங்கே செந்நிறக் கல்லில் செதுக்கிய பெண்கள் நெருக்கியடித்து நிற்பார்கள். யார் இவர்கள் என்று விசாரிக்கப் போய்த்தான் இந்த விஷயம் எனக்குத் தெரியவந்தது. அதனால் ஹிட்லர் கால ஜெர்மனியை வைத்தே பதில் சொல்கிறேன்.

1933லேயே கல்யாணக் கடன் கொடுக்க ஆரம்பித்தார்கள். 1000 மார்க் வரை, வீட்டுச் சாமான் வாங்கும் கூப்பன்களாக. மனைவி வேலையை விட்டுவிட வேண்டும். ஒரு பிள்ளை பிறந்தால் கடனில் கால் பங்கு தள்ளுபடி. 1935 செப்டம்பரில் நியூரம்பர்க் சட்டம் வந்தது. அதன்படி யூதரும் மற்ற ஜெர்மானியரும் இனி கல்யாணம் செய்துகொள்ளக் கூடாது.

ஏற்கெனவே நடந்திருந்த கலப்பு மணங்களை அந்தச் சட்டம் ரத்து செய்யவில்லை. எனக்கு மனசு ஆறாத இடம் இதுதான். பிரிகிற முடிவை அந்தத் தம்பதியிடமே விட்டுவிட்டு, சுற்றிலும் நெருக்கினார்கள். யூதரல்லாத துணைக்கு அரசு வேலை இருந்தால் அது போய்விடும். கெஸ்டபோ என்ற ரகசியப் போலீஸ் கூப்பிட்டு, விவாகரத்து வாங்கிக்கொள் என்று மிரட்டும். 1938இல் வந்த திருமணச் சட்டம் பிரிவதை இன்னும் சுலபமாக்கியது. அப்புறம் 1941 கடைசியில் யூதர்களைச் சாவுக்கு அனுப்ப ஏற்றிக்கொண்டு ரயில்கள் கிழக்கே கிளம்பின. கல்யாணம் நீடித்தவரை யூதத் துணையைப் பெரும்பாலும் விட்டுவைத்தார்கள். விவாகரத்து ஆகிவிட்டால் அந்தப் பாதுகாப்பு போயிற்று. ஒரு கையெழுத்தில் ஓர் உயிர்.

டிரெஸ்டன் நகரத்தில் விக்டர் கிளெம்பெரர் என்ற பேராசிரியர் இருந்தார், யூதர். மனைவி ஏவா பியானோ கலைஞர், யூதரல்லாதவர். 1906இல் கல்யாணம், பிள்ளைகள் இல்லை. பிள்ளையில்லாத தம்பதியில் மனைவி யூதராக இருந்தால் சில சலுகைகள் உண்டு, கணவன் யூதராக இருந்தால் கிடையாது. ஆகவே அவர் யூதர் என்று காட்டும் மஞ்சள் நட்சத்திரத்தைக் குத்திக்கொண்டுதான் வெளியே போக வேண்டும். 1935இல் வேலை போனது. 1940இல் சொந்த வீட்டைவிட்டு, யூதர்களுக்கென்று ஒதுக்கிய வீட்டுக்குப் போக வேண்டியதாயிற்று. ஏவாவும் கூடவே போனார். சோதனைக்கு வந்தவர்கள் அவரையும் அடித்தார்கள், முகத்தில் துப்பினார்கள்.

1942 மே மாதம் இன்னொரு உத்தரவு: நட்சத்திரம் அணிந்தவர்களும் அவர்களோடு குடியிருப்பவர்களும் செல்லப் பிராணி வைத்திருக்கக் கூடாது, வேறு யாரிடமும் கொடுக்கவும் கூடாது. அவர்கள் வளர்த்த பூனையின் பெயர் முஷல். அதை ஓர் அட்டைப்பெட்டியில் வைத்துத் தூக்கிக்கொண்டு போய், மயக்க மருந்து கொடுத்து அதன் உயிர் போகும்வரை ஏவா பக்கத்திலேயே நின்றார். கிளெம்பெரர் இதையெல்லாம் ரகசியமாக நாட்குறிப்பில் எழுதினார். அகப்பட்டால் சாவுதான். அந்தத் தாள்களை எடுத்துக்கொண்டு பக்கத்து ஊரான பிர்னாவில் இருந்த டாக்டர் தோழியிடம் சேர்த்துவந்ததும் ஏவாதான். இந்த நாட்குறிப்பைப் படித்தபோது பூனை வரும் பக்கத்தோடு மூடிவைத்துவிட்டேன். இரண்டு நாள் கழித்துத்தான் தொடர முடிந்தது.

அந்தக் கல் பெண்களைப் பற்றியும் சொல்ல வேண்டும். 1943 பிப்ரவரி 27 அன்று பெர்லினில் மிச்சமிருந்த யூதர்களைச் சுற்றி வளைத்தார்கள். கலப்பு மணம் செய்திருந்த ஆண்கள் உட்பட ஏறத்தாழ 2000 பேரை ரோசன்ஸ்ட்ராசே கட்டடம் ஒன்றில் அடைத்தார்கள். மனைவிமார் வாசலில் கூடிவிட்டார்கள். “எங்கள் புருஷனைக் கொடு” என்று ஒரு வாரம் அந்தக் குளிரில் மாறி மாறி நின்றார்கள். உள்ளே இருந்தவர்களில் பெரும்பாலோர் வெளியே வந்தார்கள். ஆஷ்விட்ஸ் கொலை முகாமுக்கு அனுப்பிவிட்ட 25 பேரைக்கூடத் திருப்பிக் கொண்டுவந்தார்கள். பெண்கள் நின்றதால்தான் விட்டார்களா என்று வரலாற்று ஆய்வாளர்கள் இன்னும் வாதாடுகிறார்கள். அந்த வாசலில் அவர்கள் நின்றார்கள் என்பதில் யாருக்கும் சந்தேகமில்லை. எனக்கு அது போதும்.

1945 பிப்ரவரி 13. டிரெஸ்டனில் மிஞ்சியிருந்த யூதர்கள் பலருக்கு, 16ஆம் தேதி நாடுகடத்தலுக்குக் கிளம்ப வேண்டும் என்று உத்தரவு. அந்தக் கடிதங்களை வீடு வீடாகக் கொண்டுபோய்க் கொடுக்கும் வேலை கிளெம்பெரருக்கு. அன்று இரவு நகரத்தின் மேல் குண்டுமழை. நெருப்பில் இருவரும் பிரிந்துபோய், விடிந்த பிறகு ஒருவரை ஒருவர் கண்டுபிடித்தார்கள். ஏவா ஒரு சின்னப் பேனாக்கத்தியால் அவர் கோட்டிலிருந்த நட்சத்திரத்தைப் பிய்த்தெடுத்தார். அகதிக் கூட்டத்தோடு கலந்து, போர் முடியும்வரை தப்பித்தார்கள். 1951இல் ஏவா இறக்கும்வரை அவர்கள் சேர்ந்தே வாழ்ந்தார்கள்.